'மாட்டேன்' என்று சொன்னால் என்ன?

காவிரித் தண்ணீர் குடித்த பெண்களுக்கு வாய் நீளம் என்று மற்ற ஊர்க்காரர்கள் கேலி செய்வார்கள். எங்கள் தஞ்சாவூர்ப் பக்கம் பேச்சுக்குக் குறைச்சல் இல்லைதான். ஆற்றங்கரை, நடவு வயல், கல்யாணப் பந்தி, எங்கே போனாலும் பெண்கள் குரல்தான் முதலில் காதில் விழும். ஆனால் இவ்வளவு பேசுகிற நம் வாயில் ஒரு சின்ன வார்த்தை மட்டும் லேசில் வருவதில்லை. 'மாட்டேன்' என்கிற வார்த்தைதான் அது.

சற்று யோசித்துப் பாருங்கள், சகோதரிகளே. பிடிக்காத ஒன்றைச் செய்யச் சொன்னால் நாம் என்ன சொல்கிறோம்? "உடம்பு முடியலை" என்கிறோம். "அவர் வேண்டாம்னுட்டார்" என்று கணவர் தலையில் போடுகிறோம். ரொம்பப் போனால் "பார்க்கலாம்" என்று இழுக்கிறோம். 'முடியலை' என்றால் உடம்பு தேறியதும் திரும்பக் கேட்பார்கள். 'மாட்டேன்' என்றால் அது நம் தீர்மானம். இரண்டுக்கும் நிறைய வித்தியாசம் இருக்கிறது.

இந்த வார்த்தையின் விலை தெரிந்தவர்கள் எங்கள் மண்ணிலேயே இருந்திருக்கிறார்கள். இப்போதைய திருவாரூர், நாகை மாவட்டங்களும் சேர்ந்திருந்த பழைய தஞ்சை ஜில்லாவில் பண்ணையாட்களை நடத்திய விதத்தைப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். வேலைக்குத் தாமதமானால் சவுக்கடி. சாணியைக் கரைத்து மூங்கில் குழாயில் ஊற்றிக் குடிக்க வைப்பார்கள். அதற்குச் 'சாணிப்பால்' என்று பெயர் வேறு! தலை நரைத்த கிழவரைப் பண்ணை வீட்டுப் பொடியன் 'டேய்' என்பான். கிழவர் கைகட்டி 'ஐயா' என்பார். எங்கள் தாத்தா வீட்டிலும் அப்படித்தான் கூப்பிட்டார்கள். மறைப்பானேன்?

1943-இல் மன்னார்குடி பக்கம் தென்பரை என்கிற ஊரில் விவசாயிகள் சங்கம் பிறந்தது. அதை வளர்க்க வந்தவர் பி. சீனிவாச ராவ் என்ற கன்னடக்காரர். அடித்தால் திருப்பி அடி என்று அவர் சொல்லிக் கொடுத்ததை இன்றைக்கும் அந்தப் பக்கத்தில் நினைவு வைத்திருக்கிறார்கள். எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது, சாணிப்பாலைக் குடிக்க மாட்டோம் என்று அவர்கள் சேர்ந்து நின்றதுதான். 1944-இல் மன்னார்குடியில் ஏற்பட்ட ஒப்பந்தத்தில் சாணிப்பாலும் சவுக்கடியும் கூடாது என்று மிராசுதார்கள் ஒப்புக்கொள்ள வேண்டி வந்தது. 1952-இல் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டமும் வந்தது.

அந்தப் போராட்டத்தில் அவர்களோடு நின்றவர் மணலூர் மணியம்மை. பிராமணக் குடும்பத்தில் பிறந்து, இளம் வயதிலேயே கணவரை இழந்தவர். அந்தக் காலத்து ஆசாரப்படி மூலையில் உட்கார்ந்திருக்க வேண்டியவர், தலையைக் கிராப்பு வெட்டிக்கொண்டு, வேட்டியும் சட்டையும் போட்டுக்கொண்டு, சிலம்பம் கற்றுக்கொண்டு சேரிக்குப் போனார். ஊர் என்ன பேசியிருக்கும் என்று நான் சொல்லவா வேண்டும்! 1953-இல் ஒரு மான் முட்டி அவர் இறந்தார் என்பதைப் படித்தபோது எனக்கு மனசே ஆறவில்லை. ராஜம் கிருஷ்ணன் அவர்கள் 'பாதையில் பதிந்த அடிகள்' என்று அவரைப் பற்றியே எழுதியிருக்கிறார். நூலகத்தில் கிடைத்தால் எடுத்துப் படியுங்கள்.

நம் அடுக்களைச் சங்கடத்தையும் அந்த ஜனங்கள் பட்டதையும் ஒரே தராசில் வைக்கிறேன் என்று நினைக்க வேண்டாம். அவர்கள் கொடுத்த விலை வேறு. 1968 டிசம்பர் 25-ஆம் தேதி இரவு கீழவெண்மணியில் குடிசைக்குள் வைத்து 44 பேரைக் கொளுத்தினார்கள். பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். கூலி உயர்த்திக் கேட்டுச் சங்கமாக நின்றதுதான் அவர்கள் செய்தது.

அதனால்தான் சொல்கிறேன், இந்த வார்த்தையை இடம் பார்த்துச் சொல்ல வேண்டும். கை ஓங்குகிற வீட்டில், பூட்டிய கதவுக்குள் தனியாக நின்று எதிர்த்துப் பேச வேண்டாம். முதலில் வெளியே வாருங்கள். பக்கத்தில் நாலு பேர் இருக்கட்டும். 181 என்ற மகளிர் உதவி எண்ணுக்கு ராத்திரியிலும் போன் செய்யலாம். 2005-ஆம் வருஷத்துக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தில் அடி உதை மட்டும் இல்லை. வாயால் இழிவாகப் பேசுவதும், பிள்ளை இல்லை, ஆண் குழந்தை இல்லை என்று குத்திக் காட்டுவதும்கூடக் கொடுமைதான் என்று எழுதியிருக்கிறது. நம்மில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

மற்றபடி சாதாரண வீடுகளில் சத்தம் போடாமலே சொல்லலாம். எங்கள் தெருவில் ஒரு பெண் பிரசவமாகி வந்தாள். குழந்தை பிறந்த நாலாம் நாள் பெரியவர்கள் சர்க்கரைத் தண்ணீரும் தேனும் கொண்டுவந்து நாக்கில் தடவப் பார்த்தார்கள். ஆறு மாதம் வரை தாய்ப்பாலைத் தவிர எதுவும் கூடாது, ஒரு வயது வரை தேன் கூடவே கூடாது என்று டாக்டர்கள் சொல்வது நமக்குத் தெரியும். அந்தப் பெண் எழுந்து உட்கார்ந்து, "கொடுக்க மாட்டேன் அத்தை. நீங்க மடியில வச்சுக் கொஞ்சுங்க, பாட்டுப் பாடுங்க. வாயில மட்டும் எதுவும் வைக்காதீங்க" என்றாள். குரலும் உயரவில்லை, கண்ணும் கலங்கவில்லை. மாமியாருக்கு முகம் சுண்டித்தான் போயிற்று. இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் அவரே குழந்தையைத் தூக்கிக்கொண்டு திண்ணையில் உட்கார்ந்து, யாரோ கொண்டுவந்த கிரைப் வாட்டரைத் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தார்!

அவள் சொன்னதில் 'அத்தை' இருந்தது, 'நீங்க' இருந்தது. மரியாதையை விட்டுத்தான் மறுக்க வேண்டும் என்று ஒன்றுமில்லை. இன்னொன்று, அவள் காரணங்களை அடுக்கவில்லை. பத்துக் காரணம் சொன்னால் ஒவ்வொன்றுக்கும் பதில் வந்துகொண்டே இருக்கும். விவாதம் வளரும், பால் ஆறிவிடும்.

நானும் ஒரு தரம் சொல்ல வேண்டி வந்தது. பாபநாசம் பக்கம் எங்கள் அப்பாவுக்குப் பன்னிரண்டு மா நிலம், அதாவது நாலு ஏக்கர். உயில் எழுதாமலே போய்விட்டார். கருமாதி முடிந்த மறு வாரம் அண்ணன் வந்தார். கையில் விடுதலைப் பத்திரம், டைப் அடித்தே கொண்டுவந்திருந்தார். "உனக்குத்தான் நகை நட்டு போட்டு, சீர் செஞ்சு அனுப்பியாச்சே பாப்பா. ஒரு கையெழுத்துதான். நாளைக்குப் பத்திர ஆபீஸுக்கு வந்துட்டுப் போயிடு" என்றார். அம்மா தூணில் சாய்ந்துகொண்டு தரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். என் கணவர் பேப்பரைப் பிரித்துக்கொண்டார். (ஆண்களுக்குச் சங்கடம் வந்தால் பேப்பர் கைகொடுக்கிறது!)

உயில் இல்லாமல் போன தகப்பன் சொத்தில் பெண்ணுக்கும் பங்கு என்று 1956-லேயே சட்டம் ஆகிவிட்டது. பூர்வீகச் சொத்திலும் பிள்ளைக்குச் சமமாகப் பங்கு என்று நம் தமிழ்நாட்டில் 1989-லும், நாடு முழுக்க 2005-லும் ஆயிற்று. பத்தாவது வரைதான் படித்தேன் என்றாலும் இதெல்லாம் பத்திரிகை படித்துத் தெரிந்துகொண்டதுதான். ஆனால் சட்டப் புத்தகமா நமக்காக வாய் திறந்து பேசும்?

"போட மாட்டேன் அண்ணே" என்றேன். "நிலத்தை நீங்களே உழுங்க. கூறு போட்டுப் பிரிக்கச் சொல்லலை. என் பங்கு நெல்லு வரணும், பட்டாவுல அம்மா பேரும் என் பேரும் இருக்கணும்."

"அப்ப பொறந்த வீடு வேண்டாமா உனக்கு?" என்று கேட்டார். வேணும், அதனால்தான் கேட்கிறேன் என்றேன். அவர் காபியைக்கூடக் குடிக்காமல் எழுந்து போனார். அம்மா மட்டும் அந்தக் காபியை எடுத்துத் தான் குடித்தாள்.

அந்தத் தைப் பொங்கலுக்கு எனக்குச் சீர் வரவில்லை. கல்யாணமாகி வந்ததிலிருந்து தவறாமல் வந்தது. கரும்பும் மஞ்சள் கொத்தும் கடைத்தெருவில் காசு கொடுத்து வாங்கும்போது தொண்டையை அடைத்தது. இல்லை என்று சொன்னால் பொய். அண்ணி மட்டும் யாருக்கும் தெரியாமல் போன் செய்து, "பொங்கல் பொங்கிடுச்சா?" என்று கேட்டாள். அவளுக்கும் கும்பகோணத்தில் இரண்டு அண்ணன்மார் இருக்கிறார்கள். அவளும் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தவள்தான்.

மாசியில் சம்பா அறுவடை முடிந்ததும் ஒரு சின்ன வண்டியில் ஐந்து மூட்டை நெல் வந்து இறங்கியது. அண்ணன் வரவில்லை, மகனை அனுப்பியிருந்தார். பையனுக்குச் சாப்பாடு போட்டு, அப்பாவுக்குப் பிடிக்கும் என்று கொஞ்சம் மாவடு கொடுத்தனுப்பினேன். வாங்கிக்கொண்டார் என்று கேள்வி. பட்டாவில் பெயர் ஏற்ற மனுக் கொடுத்திருக்கிறேன். இன்னும் ஏறவில்லை. அடுத்த வாரம் தாலுகா ஆபீஸுக்கு மறுபடி போக வேண்டும். இந்தத் தடவை அம்மாவும் கூட வருகிறேன் என்று சொல்லியிருக்கிறாள்.