நண்டைக் காக்கும் பருத்திக் கயிறு

அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில், புகெட் சவுண்ட் கடற்பகுதியில் பொழுதுபோக்காக நண்டு பிடிக்கவும் உரிமம் வேண்டும். டஞ்சனஸ் வகையில் பெண் நண்டுகளையும், 6¼ அங்குல அகலத்துக்குக் குறைந்த ஆண் நண்டுகளையும் கடலில் விட்டுவிட வேண்டும். கூண்டின் மிதவை பாதி சிவப்பு, பாதி வெள்ளையாக, உரிமையாளரின் பெயர், முகவரியுடன் இருக்க வேண்டும். சிறு நண்டுகள் வெளியேற, கூண்டின் மேல்பாதியில் 4¼ அங்குல உள்விட்டமுள்ள இரண்டு வளையங்கள் கட்டாயம்.

இவற்றைவிட முக்கியமானது, மூடியைப் பிணைக்கும் கயிறு. அது பருத்தி, சணல் போன்ற மட்கும் நாரில், அரைக்கால் அங்குலத் தடிமனுக்கு மிகாமல் இருக்க வேண்டும்.

காரணம் எளிது. மிதவை அறுந்து கடலடியில் தொலைந்த கூண்டு, எடுக்க ஆளில்லாமலே நண்டுகளைப் பிடித்தபடி இருக்கும். உள்ளே செத்த நண்டே அடுத்த நண்டை இழுக்கும் இரையாகிவிடும். பருத்திக் கயிறு சில மாதங்களில் மட்கி அறுந்தால் மூடி திறந்துகொள்ளும். உள்ளே இருப்பவை தப்பிவிடும். நைலான் கயிற்றால் கட்டினால் அந்த வழி அடைபடும். சில காசு பெறும் கயிறுதான் அடுத்த பருவத்து நண்டுகளைக் காக்கிறது.