உங்களுக்குத் தெரியுமா? ஒரே தோல்வி, உலகக் கிண்ணம்

2014இல் பங்களாதேஷில் நடந்த இருபதுக்கு 20 உலகக் கிண்ணத்தில் இலங்கை 6 போட்டிகளில் ஆடி, இங்கிலாந்திடம் மட்டுமே தோற்றது. 189 ஓட்டங்கள் குவித்தும், அலெக்ஸ் ஹேல்ஸின் 116 ஓட்டங்களால் வெற்றி கைநழுவியது.

அடுத்து நியூசிலாந்துக்கு எதிராக இலங்கை எடுத்தது வெறும் 119. ஆனால் ரங்கன ஹேரத் 21 பந்துகளில் 3 ஓட்டங்களை மட்டுமே கொடுத்து 5 விக்கெட்டுகளைச் சாய்த்தார். நியூசிலாந்து 60 ஓட்டங்களுக்குச் சுருண்டது. ஏப்ரல் 6இல் இந்தியாவை வீழ்த்தி இலங்கை கிண்ணத்தை வென்றது.

எப்போது தோற்கிறோம் என்பதும் முக்கியம். 2023 உலகக் கிண்ணத்தில் தொடர்ந்து 10 போட்டிகளை வென்ற இந்தியா, இறுதிப் போட்டியில் அவுஸ்திரேலியாவிடம் வீழ்ந்தது. அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தில், 2005 பருவத்தில் 12 ஆட்டங்களை வரிசையாக வென்ற தென் கலிஃபோர்னியா பல்கலைக்கழக அணியும் கடைசி ஆட்டத்தில் டெக்சாஸிடம் 38-41 எனத் தோற்றது.