கஞ்சா கலந்த ஜெல்லி மிட்டாய்

கஞ்சா கலந்த ஜெல்லி மிட்டாய் என்பது கஞ்சாச் செடியில் உள்ள டி.எச்.சி., சி.பி.டி. ஆகிய வேதிப்பொருள்களில் ஒன்றையோ இரண்டையுமோ சேர்த்துச் செய்யப்படும் மென்மையான இனிப்பு ஆகும். இவற்றில் போதை தருவது டி.எச்.சி. மட்டுமே. ஆங்கிலப் பெயரையொட்டி இதைக் 'கம்மி' என்றும் சொல்கிறார்கள். பேச்சுத் தமிழில் கம்மி என்றால் குறைவு. இந்த மிட்டாயால் ஏற்படும் பெரும்பாலான தொல்லைகளுக்குக் காரணம், உண்டவர் குறைவு என்று நினைத்த அளவு உண்மையில் குறைவாக இல்லாமல் போவதுதான்.

கனடாவிலும் அமெரிக்காவின் பல மாநிலங்களிலும் வயது வந்தோர் இதைக் கடையில் வாங்கலாம். கனடாவின் பெரும்பாலான பகுதிகளில் வீட்டிலேயே செய்துகொள்ளவும் சட்டம் இடம் தருகிறது. இந்தியா, இலங்கை, சிங்கப்பூர் ஆகிய நாடுகளில் இது குற்றம்.

வரலாறு

கஞ்சாவை இனிப்பில் கலந்து உண்பது புதிய வழக்கம் அன்று. வட இந்தியாவில் ஹோலிப் பண்டிகையின்போது பாங்கு அரைத்துப் பாலில் கலந்து குடிப்பதும், கஞ்சாவை நெய்யிலும் சர்க்கரையிலும் சேர்த்து 'மாஜூம்' என்ற இனிப்பு செய்வதும் நெடுங்காலமாக இருந்தவை. ஆங்கிலேய அரசு 1893-94இல் அமைத்த இந்தியக் கஞ்சா விசாரணைக் குழுவின் அறிக்கையிலும் மாஜூம் இடம்பெற்றுள்ளது. 1860களில் நியூயார்க்கில் 'கஞ்சா வாலா' என்ற பெயர் கொண்ட ஒரு நிறுவனம் ஹஷீஷ் மிட்டாய் விற்று, பத்திரிகைகளில் விளம்பரமும் செய்தது.

ஜெல்லி மிட்டாய் தனியாக வளர்ந்த பண்டம். ஜெர்மனியின் பான் நகரில் ஹான்ஸ் ரீகல் 1922இல் கரடி வடிவ ஜெல்லி மிட்டாயை உருவாக்கினார். அவருடைய ஹரிபோ நிறுவனம் அதை உலகெங்கும் பரப்பியது. அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில் 2014 ஜனவரி 1 அன்று வயது வந்தோருக்கான கஞ்சாக் கடைகள் திறக்கப்பட்ட பிறகு இந்த இரு மரபுகளும் பெரிய அளவில் ஒன்றுசேர்ந்தன. புகை இல்லை, நாற்றம் குறைவு, பையில் வைத்துக்கொள்ளலாம், பார்ப்பவருக்குச் சாதாரண மிட்டாய் போலவே தெரியும். விற்பனைக்கு உதவிய இதே குணங்கள்தான் பின்னர் ஆபத்தாகவும் மாறின.

உடலில் செயல்படும் முறை

டி.எச்.சி.யை இஸ்ரேலைச் சேர்ந்த ரஃபேல் மெக்கூலம், யெஹியேல் கவோனி ஆகியோர் 1964இல் தனியாகப் பிரித்து அதன் அமைப்பைக் கண்டறிந்தனர். மூளையில் இது சென்று பொருந்தும் இடத்திற்கு சி.பி.1 ஏற்பி என்று பெயர். அதே ஏற்பியில் பொருந்தும் ஒரு பொருளை உடலே உற்பத்தி செய்கிறது என்பது 1992இல் தெரியவந்தது. அதற்கு ஆய்வாளர்கள் சூட்டிய 'அனந்தமைடு' என்ற பெயர் 'ஆனந்தம்' என்ற சொல்லில் இருந்து எடுக்கப்பட்டது.

புகையாக இழுத்தால் டி.எச்.சி. நுரையீரல் வழியே சில நிமிடங்களில் மூளையை எட்டிவிடும். உண்டால் வழி நீளம். வயிறு, குடல் ஆகியவற்றைக் கடந்து முதலில் கல்லீரலுக்குச் செல்ல வேண்டும். கல்லீரல் அதன் பெரும்பகுதியைச் சிதைத்துவிடுகிறது. ஆனால் ஒரு பகுதியை 11-ஹைட்ராக்சி-டி.எச்.சி. என்ற வேறொரு பொருளாக மாற்றுகிறது. இதுவும் மூளைக்குள் எளிதில் நுழைந்து வலுவாகப் போதை தருவது. ஆகவே, உண்பதைப் புகைப்பதன் மெதுவான வடிவம் என்று கருதுவது தவறு. உடலுக்குள் ஓடும் மருந்துக் கலவையே வேறு.

உண்டபின் விளைவு தெரியத் தொடங்க 30 நிமிடம் முதல் 2 மணி நேரம் வரை ஆகலாம். முழு விளைவும் தெரிய 4 மணி நேரம் வரை ஆகலாம் என்றும், போதை 12 மணி நேரம் வரை நீடிக்கலாம் என்றும், சிலருக்கு அயர்ச்சி மறுநாளும் தொடரலாம் என்றும் கனடாவின் சுகாதாரத் துறை கூறுகிறது. வயிறு நிறைந்திருக்கிறதா, கொழுப்பு உணவு உண்டாரா, கல்லீரல் நொதிகள் எவ்வளவு வேகமாக வேலை செய்கின்றன என்பவற்றைப் பொறுத்து ஒரே அளவு இருவருக்கு இரு விதமாக ஏறும்.

தவறு பெரும்பாலும் இந்தக் காத்திருப்பு நேரத்தில்தான் நடக்கிறது. ஒரு மணி நேரம் ஆகியும் ஒன்றும் தெரியவில்லை என்று எண்ணி இன்னொரு துண்டை எடுக்கிறார்கள். முதல் துண்டு ஏறும் நேரத்தில் இரண்டாவதும் வரிசையில் நிற்கிறது. 2014 மார்ச்சில் கொலராடோவுக்கு வந்திருந்த 19 வயது மாணவர் ஒருவர், நண்பர் வாங்கிக் கொடுத்த கஞ்சா கலந்த ஒரு பிஸ்கட்டைப் பெற்றார். அதில் இருந்தது 65 மில்லிகிராம் டி.எச்.சி.; ஒரு முறைக்கு உரியது 10 மில்லிகிராம். கடைக்காரர் சொன்னபடி முதலில் ஒரு துண்டு மட்டும் தின்றார். ஒரு மணி நேரத்திற்குள் எதுவும் தெரியாததால் மீதி முழுவதையும் தின்றார். பின்னர் மனம் குழம்பி, நான்காவது மாடி முகப்பில் இருந்து குதித்து இறந்தார். அமெரிக்க நோய்த் தடுப்பு மையம் 2015இல் வெளியிட்ட ஆய்வறிக்கையில் இந்நிகழ்வு பதிவாகியுள்ளது. அவர் உண்டது பிஸ்கட் என்றாலும் காத்திருப்புக் கணக்கு ஜெல்லி மிட்டாய்க்கும் அதுவேதான்.

வீட்டில் செய்தல்

பச்சைக் கஞ்சாவை அப்படியே தின்றால் போதை அநேகமாக ஏறுவதில்லை. செடியில் இருப்பது டி.எச்.சி.யின் அமில வடிவம். சூடுபட்டால்தான் அது கரியமில வாயுவை இழந்து டி.எச்.சி.யாக மாறுகிறது. புகைக்கும்போது நெருப்பு இதைச் செய்கிறது. உணவில் சேர்ப்பவர்கள் முன்கூட்டியே சூடாக்குகிறார்கள். சூடு குறைந்தால் மாற்றம் முழுமை அடையாது. கூடினால் டி.எச்.சி.யே சிதையும். வீட்டு அடுப்பின் முள் காட்டும் வெப்பத்துக்கும் உள்ளே இருக்கும் வெப்பத்துக்கும் வித்தியாசம் இருப்பது சமைப்பவர்கள் அறிந்ததே. ஆகவே எவ்வளவு மாறியது என்பது முதல் படியிலேயே ஊகம்தான்.

எண்களைப் பார்த்தால் சிக்கலின் அளவு புரியும். 20 விழுக்காடு அமில வடிவம் கொண்ட ஒரு கிராம் பூவில் 200 மில்லிகிராம் அமிலம் இருக்கும். முழுவதும் மாறினால் சுமார் 175 மில்லிகிராம் டி.எச்.சி. கிடைக்கும். கனடாவில் ஒரு முழு மிட்டாய்ப் பொட்டலத்துக்குச் சட்டம் அனுமதிக்கும் உச்ச அளவு 10 மில்லிகிராம். அதாவது விரல் நுனியில் எடுக்கக்கூடிய ஒரு கிராம் பூவில் 17 பொட்டலங்களுக்குரிய போதைப்பொருள் அடங்கியிருக்கலாம். புதியவர்கள் 2.5 மில்லிகிராமைத் தாண்ட வேண்டாம் என்பது அந்நாட்டுச் சுகாதாரத் துறையின் அறிவுரை. அந்தக் கணக்கில் அது 70 பேருக்குரிய அளவு. வெப்பத்திலும் வடிகட்டலிலும் எவ்வளவு வீணாயிற்று என்பது ஆய்வுக்கூடச் சோதனை இல்லாமல் செய்பவருக்குத் தெரிய வழியில்லை.

அடுத்தது கலப்பதில் உள்ள சிக்கல். டி.எச்.சி. எண்ணெயில் கரையும், நீரில் கரையாது. ஜெல்லி மிட்டாயோ நீர், சர்க்கரை, ஜெலட்டின் அல்லது பெக்டின் சேர்ந்த பாகு. கஞ்சா ஊறிய எண்ணெயை அதில் ஊற்றினால் ரசத்தின் மேல் நெய் மிதப்பதுபோல் பிரிந்து நிற்கும். லெசித்தின் போன்ற பால்மமாக்கியைச் சேர்த்து அடித்தாலும், அச்சில் ஊற்றி ஆறுவதற்குள் ஓரளவு பிரியக்கூடும். விளைவாக, ஒரே தட்டில் ஆறிய மிட்டாய்களில் ஒன்றில் ஏறக்குறைய ஒன்றுமில்லாமலும் பக்கத்தில் இருப்பதில் பல மடங்கும் இருக்கலாம். நேற்று ஒன்று தின்றேன், நன்றாகத்தான் இருந்தது என்ற அனுபவம் இன்றைய துண்டுக்கு உத்தரவாதம் ஆகாது. உரிமம் பெற்ற தொழிற்சாலைகள் எண்ணெயை மிக நுண்ணிய துளிகளாக்கிக் கலப்பதற்கும், ஒவ்வொரு தயாரிப்புத் தொகுதியையும் சோதிப்பதற்கும் இதுவே காரணம்.

கனடாவில் வீட்டில் செய்வோருக்குச் சட்டம் ஒரு தடை வைத்திருக்கிறது. பியூட்டேன் போன்ற கரிமக் கரைப்பான்களைக் கொண்டு அடர்சாறு பிரிக்கக் கூடாது. காற்றைவிடக் கனமான பியூட்டேன் தரையோடு பரவி, அடுப்பின் சிறு பொறியிலும் வெடிக்கும். வட அமெரிக்காவில் இவ்வாறு வீடுகள் எரிந்து பலர் தீக்காயம் அடைந்துள்ளனர். இதனோடு ஒப்பிட்டால் பூஞ்சை பிடிப்பது சிறிய சங்கதி. ஆனால் நீர்ச்சத்து மிகுந்த வீட்டு ஜெல்லியில் அதுவும் வரும்.

விற்பனை விதிகள்

கொலராடோ அனுபவத்தில் கற்றது. 2015 பிப்ரவரி முதல் ஒவ்வொரு 10 மில்லிகிராம் பகுதியும் தனியாகப் பிரித்துக் காட்டப்பட வேண்டும் என்ற விதி வந்தது. 2017 அக்டோபரில் மனிதர், விலங்கு, பழம் ஆகிய வடிவங்களில் கஞ்சா மிட்டாய் விற்பது தடை செய்யப்பட்டது. ரீகலின் கரடிக்கு அங்கே இடமில்லாமல் போயிற்று.

கனடா 2018 அக்டோபர் 17 அன்று கஞ்சாவைச் சட்டபூர்வமாக்கியது. ஆனால் உண்ணும் பண்டங்களுக்கான விதிகள் ஓராண்டு கழித்தே நடைமுறைக்கு வந்தன. குழந்தைகள் எளிதில் திறக்க முடியாத உறை, படங்கள் இல்லாத எளிய அட்டை, டி.எச்.சி. என்ற எழுத்துகளோடு சிவப்பு எண்கோணக் குறி ஆகியவை கட்டாயம். வாங்குவதற்கான வயது ஒன்டாரியோவில் 19, ஆல்பர்ட்டாவில் 18, கியூபெக்கில் 21. வீட்டில் செய்த மிட்டாயில் இந்த உறையும் குறியும் இருப்பதில்லை. குளிர்சாதனப் பெட்டியில் ஒரு டப்பாவில் கிடக்கும் அதைச் சாதாரண மிட்டாயில் இருந்து பிரித்தறிய யாராலும் முடியாது.

குழந்தைகளுக்கு நேரும் நச்சுப் பாதிப்பு

அமெரிக்காவின் நச்சுத் தகவல் மையங்களுக்கு வந்த அழைப்புகளில், 6 வயதுக்கு உட்பட்ட குழந்தைகள் கஞ்சாப் பண்டத்தை உண்ட நிகழ்வுகள் 2017இல் 207 ஆக இருந்தன. 2021இல் அவை 3,054. ஏறக்குறைய எல்லாமே வீட்டில் நடந்தவை. குழந்தையின் உடல் எடை ஒவ்வொரு கிலோவுக்கும் 1.7 மில்லிகிராம் டி.எச்.சி.யைத் தாண்டினால் பாதிப்பு கடுமையாகவும் நீண்ட நேரமும் இருக்கும் என்று 2023இல் வெளியான ஒரு மருத்துவ ஆய்வு கணித்தது. 12 கிலோ எடையுள்ள குழந்தைக்கு அது சுமார் 20 மில்லிகிராம். கொலராடோ அளவில் இரண்டே துண்டு. எந்தக் குழந்தையும் இரண்டு மிட்டாயோடு நிறுத்துவதில்லை.

கனடாவில் தற்செயலாக அமைந்த ஓர் ஒப்பீடு உண்டு. ஒன்டாரியோ, ஆல்பர்ட்டா, பிரிட்டிஷ் கொலம்பியா ஆகிய மாநிலங்கள் கஞ்சா மிட்டாய் விற்பனையை அனுமதித்தன, கியூபெக் அனுமதிக்கவில்லை. கஞ்சா நச்சுப் பாதிப்புக்காக மருத்துவமனையில் சேர்க்கப்பட்ட சிறு குழந்தைகளின் விகிதத்தை 2022இல் ஓர் ஆய்வு ஒப்பிட்டது. கஞ்சா சட்டபூர்வமானதும் நான்கு மாநிலங்களிலும் விகிதம் உயர்ந்தது. பண்டங்கள் விற்பனைக்கு வந்தபின் முதல் மூன்றில் மட்டும் அது மேலும் வெகுவாக ஏறியது. குழந்தை இருக்கும் வீட்டில் காய்ந்த பூவைவிட மிட்டாய்தான் பெரிய ஆபத்து என்பதை இது காட்டுகிறது.

தெரியாமல் உண்ட குழந்தைக்கு மிகுந்த தூக்கம், தள்ளாட்டம், வாந்தி, கண்மணி விரிதல் ஆகியவை தோன்றலாம். கடுமையானால் மூச்சு மந்தமாகும், வலிப்பு வரும், நினைவு தப்பும். மாற்று மருந்து கிடையாது. மூச்சையும் இதயத் துடிப்பையும் கண்காணித்து, உடல் தானாகக் கழிக்கும் வரை துணை நிற்பதே சிகிச்சை. வாந்தி எடுக்க வைக்கக் கூடாது. மயக்கத்தில் இருக்கும் குழந்தைக்குப் புரையேறும். நன்றாக இருப்பதாகத் தோன்றினாலும் காத்திருக்காமல் மருத்துவமனைக்குக் கொண்டுசெல்ல வேண்டும், உறை இருந்தால் அதையும் எடுத்துச்செல்ல வேண்டும். பெற்றோர் பயத்திலோ வெட்கத்திலோ கஞ்சாவைப் பற்றிச் சொல்லாமல் விடுவது உண்டு. அப்போது மருத்துவர்கள் மூளைக்காய்ச்சலைச் சந்தேகித்து, முதுகுத்தண்டில் ஊசி குத்தி நீர் எடுப்பது வரை தேவையற்ற சோதனைகளைச் செய்ய நேர்கிறது.

தமிழர் வாழும் பிற நாடுகளின் சட்டம்

இந்தியாவில் 1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டம் பூவும் காயும் கொண்ட நுனிகளையும், பிசினையும், அவற்றின் கலவைகளையும் தடை செய்கிறது. இலை மட்டும் அந்த வரையறைக்கு வெளியே இருப்பதால்தான் சில வட மாநிலங்களில் உரிமம் பெற்ற பாங்குக் கடைகள் நடக்கின்றன. ஜெல்லி மிட்டாயில் சேர்வது பெரும்பாலும் பூ அல்லது பிசினின் சாறு என்பதால் அதற்கு இந்த விலக்கு பொருந்தாது. மேலும், போதைப்பொருள் வேறு பொருளோடு கலந்திருந்தால் கலவையின் மொத்த எடையையே தண்டனைக்குக் கணக்கிட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020இல் தீர்ப்பளித்தது. 10 மில்லிகிராம் டி.எச்.சி. சேர்ந்த மிட்டாயில் இருக்கும் சர்க்கரையும் இப்படி எடையில் ஏறிவிடும்.

சிங்கப்பூர் குடிமக்களும் நிரந்தர வாசிகளும் வெளிநாட்டில் கஞ்சா உட்கொண்டாலும், அந்த நாட்டில் அது அனுமதிக்கப்பட்டிருந்தாலும், ஊர் திரும்பியபின் வழக்குத் தொடரலாம். கனடாவில் இருந்து புறப்படுவோர் கடையில் முறைப்படி வாங்கிய மிட்டாயையும் நாட்டின் எல்லையைத் தாண்டி எடுத்துச்செல்லக் கூடாது. கஞ்சா அனுமதிக்கப்பட்ட அமெரிக்க மாநிலத்துக்குப் போனாலும் இதே தடைதான்.