ஆதிரை

மார்கழித் திங்களில் ஞாயிறு மறைந்து இருள் பரவும் வேளையில், கடலூரை அடுத்த தேவனாம்பட்டினக் கடற்கரையில் நிற்போர் கீழ்வானில் செந்நிறமான விண்மீன் ஒன்றைக் காண்பர். அலைகளுக்குச் சற்று மேலே தோன்றும் அம்மீன், இரவு வளர வளர உயர்ந்து, நள்ளிரவில் ஏறத்தாழத் தலைக்கு நேரே வந்து, விடியுமுன் மேற்கே சாயும். அதுவே ஆதிரை. வடமொழியாளர் அதனை ஆர்த்ரா என்றனர். அச்சொல் ஈரமுடையது எனப் பொருள்படும். ஆனித் திங்களில் ஞாயிறு ஆதிரைக்குரிய வான்பகுதியிற் புகும்போது வடநாட்டில் பருவமழை தொடங்குவதால் இப்பெயர் அமைந்தது என்பர்.

கடலூருக்குத் தெற்கே ஏறத்தாழ 45 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது சிதம்பரம். அங்கே மார்கழித் திருவாதிரை பத்து நாள் விழாவாக நடைபெறுகிறது. பிற கோயில்களில் மூலவர் கருவறையிலேயே இருக்க, விழாவிற்கென அமைந்த வேறு திருவுருவமே வீதிக்கு எழுந்தருளும். தில்லையிலோ அம்பலத்தில் ஆடும் கூத்தப்பெருமானே ஒன்பதாம் நாள் தேரேறி வருகிறார். மறுநாள் வைகறையில் ஆயிரங்கால் மண்டபத்தில் திருமுழுக்கும், அதன்பின் ஆருத்திரா தரிசனமும் நிகழும். வீடுகளில் அரிசியும் வெல்லமும் சேர்த்துக் களி கிண்டுவர். விறகு விற்று வாழ்ந்த சேந்தனார் அன்போடு படைத்த களியை இறைவன் ஏற்றான் என்பது அவ்வழக்கத்திற்குச் சொல்லப்படும் கதை. ஆதிரை நாள் விழா மிகவும் தொன்மையானது. சங்க நூலாகிய பரிபாடலே மார்கழி ஆதிரையைக் குறிக்கிறது.

இவ்விழா மார்கழியின் முழுமதியை ஒட்டி வருவதற்குக் காரணம் உண்டு. மார்கழியில் ஞாயிறு தனுவில் நிற்கிறது. ஆதிரையோ அதற்கு நேர் எதிரேயுள்ள மிதுனத்தில் இருக்கிறது. முழுமதியும் எப்பொழுதும் ஞாயிற்றுக்கு எதிரேதான் தோன்றும். ஆகவே அத்திங்களில் நிறைமதி ஆதிரைக்கு அருகே வந்தே தீரவேண்டும். விழா நாளில் இரவெல்லாம் மதியும் மீனும் உடன் செல்வதைப் பார்த்த முன்னோர், கருவி ஏதுமின்றியே இத்தொடர்பைக் கண்டறிந்தனர்.

மேனாட்டார் இம்மீனைப் பீட்டெல்ஜூஸ் என அழைக்கின்றனர். அரபு மொழியில் இதற்கு ‘யத் அல் ஜௌசா’ என்பது பெயர். ஜௌசாவின் கை என்பது அதன் பொருள். ஏடு பெயர்த்தோர் முதலெழுத்தின் கீழிருந்த இரண்டு புள்ளிகளை ஒன்றாகக் கொள்ளவே, ‘யகரம்’ ‘பகரம்’ ஆயிற்று. ஒரு புள்ளி பிழைத்ததால் உலகெங்கும் வழங்கும் பெயரே மாறிப்போனது! கிரேக்கர் கதையில் இது ஓரையன் என்னும் வேட்டுவனின் தோளாக விளங்குகிறது.

இதன் பருமை 1920-ஆம் ஆண்டில்தான் அளக்கப்பட்டது. எவ்வளவு பெரிய தொலைநோக்கியிலும் விண்மீன்கள் அந்நாளில் வெறும் புள்ளிகளாகவே தெரிந்தன. அமெரிக்காவில் வில்சன் மலையிலிருந்த 100 அங்குலத் தொலைநோக்கியின் முகப்பில் மைக்கல்சனும் பீசும் 20 அடி நீள உத்திரம் ஒன்றைப் பொருத்தினர். அதில் அமைத்த ஆடிகளால் ஒளிக்கதிர்களை ஒன்று சேர்த்து, டிசம்பர் 13-ஆம் நாள், அதாவது மார்கழி பிறக்க இரண்டொரு நாளே இருந்தபொழுது, ஆதிரையின் கோண விட்டத்தைக் கண்டனர். கடலூருக்கும் சிதம்பரத்திற்கும் உள்ள தொலைவைப்போல் இரண்டரை மடங்கு தொலைவில் வைத்த, இரண்டரைச் செண்டிமீட்டர் அகலமுள்ள நாணயம் எவ்வளவு சிறிதாகத் தோன்றுமோ, அவ்வளவே அக்கோணம். ஞாயிறு நீங்கலாக, விட்டம் அளக்கப்பட்ட முதல் விண்மீன் ஆதிரையே.

அதன் அளவு வியப்பூட்டுவது. ஞாயிறு இருக்குமிடத்தில் ஆதிரையை வைத்தால் புதன், வெள்ளி, நிலவுலகம், செவ்வாய் ஆகிய நான்கும் அதனுள் அடங்கிவிடும். ஆயினும் அதன் மேற்பரப்பு ஞாயிற்றினும் குளிர்ந்தது. வெப்பநிலை ஏறத்தாழ 3,300 பாகை செல்சியசு. செந்நிறத்திற்கு அதுவே காரணம். அதன் ஒளி நம்மை அடைய 550 முதல் 700 ஆண்டுகள் ஆகும் என மதிப்பிடுகின்றனர். ஆகவே இவ்வாண்டுத் தேரோட்டத்தின்போது கண்ணிற்படும் ஒளி, விசயநகரப் பேரரசின் காலத்தை ஒட்டிப் புறப்பட்டதாகும்.

இத்தகைய மீனைக் கதையாசிரியர்கள் விட்டு வைப்பார்களா? பிரெஞ்சு எழுத்தாளர் பியர் பூல் 1963-இல் வெளியிட்ட புதினத்தில், ஆதிரையைச் சுற்றும் கோளொன்றில் குரங்குகள் அரசாள, மனிதர் அவற்றிற்கு அடங்கி வாழ்கின்றனர். கதை சுவையானதே, ஆனால் வானநூல் அதற்கு இடந்தராது. ஆதிரையின் அகவை ஒரு கோடி ஆண்டளவே. ஞாயிற்றின் அகவையோ 460 கோடி ஆண்டு. குரங்கும் மனிதனும் தோன்றி வளர்வதற்கு அங்கே காலம் ஏது?

பெருமீன்கள் தம் எரிபொருளை விரைந்து செலவிட்டு இளமையிலேயே மாள்வன. ஆதிரையின் ஒளி கூடிக் குறைவதை ஜான் எர்ஷல் 1836-இலேயே கண்டிருந்தார். ஆனால் 2019-ஆம் ஆண்டின் இறுதியில் அது என்றுமில்லாதவாறு மங்கத் தொடங்கியது. 2020 சனவரியில் தில்லையில் ஆருத்திரா தரிசனம் நடைபெற்றபோதும் வானத்து ஆதிரை சோர்ந்தே இருந்தது. பிப்பிரவரியில் அதன் ஒளி வழக்கமான அளவில் மூன்றிலொரு பங்காயிற்று. ‘வெடிக்கப் போகிறதோ?’ என்ற பேச்சு உலகெங்கும் எழுந்தது. ஆனால் ஏப்பிரலுக்குள் அது பழைய ஒளியைப் பெற்றுவிட்டது. மீனின் உடலினின்று வெளிப்பட்ட வளிமுகில் குளிர்ந்து துகளாகி, அதன் முகத்தை ஒருபுறம் மறைத்ததே மங்கலுக்குக் காரணம் எனச் சிலி நாட்டிலுள்ள பெருந்தொலைநோக்கியால் ஆராய்ந்தோர் 2021-இல் விளக்கினர்.

அது ஒருநாள் வெடிக்கப்போவது உறுதி. நாளையோ, நூறாயிரம் ஆண்டு கழிந்தோ நிகழலாம். அந்நாளில் அது அரைமதியைப்போல் ஒளிர்ந்து, சில திங்கள் பகலிலும் தெரிந்து, பின் மெல்ல மறையும். தொலைவு மிகுதியால் நிலவுலகிற்கு ஊறு நேராது.

அம்மீன் இல்லாத வானில் திருவாதிரை எவ்வாறு வரும்? பஞ்சாங்கக் கணக்கு மீனை நம்பியிருக்கவில்லை. மதி செல்லும் வழியை 27 சமகூறுகளாக்கி, அவற்றுள் ஆறாவதற்கு ஆதிரை எனப் பெயரிட்டனர். திருக்கணித முறைப்படி நோக்கினால், அம்மீன் இன்றும் தன் பெயர் பூண்ட கூற்றிற்குள் இல்லை. எல்லைக்கு இரண்டு பாகைக்கும் குறைவாக மேற்கே, மிருகசீரிடத்தின் கூற்றில்தான் நிற்கிறது. தேவனாம்பட்டினக் கரையில் நிற்போர் கீழ்வானில் ஒரு மீனைத் தேடி ஏமாறக்கூடும். தில்லையில் தேர் உரிய நாளிலேயே புறப்படும்.