செம்மரமும் மாங்கூழும்: வணிக உடன்படிக்கைகளும் சுற்றுச்சூழல் பாதுகாப்பும்

சித்தூருக்கு மேற்கே, பலமநேர் செல்லும் நெடுஞ்சாலையில் அமைந்துள்ள பங்காருபாளையம் மாங்காய்ச் சந்தைக்குப் பெயர் பெற்ற ஊராகும். பருவ காலத்தில் இங்கு வந்து குவியும் சரக்கில் பெரும்பகுதி, தமிழகத்தில் கிளிமூக்கு என்றும் பெங்களூரா என்றும் வழங்கப்படும் தோத்தாபுரி வகை. இவ்வட்டாரத்துத் தொழிற்சாலைகளில் அது கூழாக்கப்பட்டு, உள்நாட்டுப் பான நிறுவனங்களுக்கும் வெளிநாடுகளுக்கும் செல்கிறது. பழைய சித்தூர் மாவட்டத்தின் வடகிழக்கில் எழும் சேஷாசல மலைகளில் வளரும் செம்மரத்தின் நிலை வேறு. அம்மலைகளில் வெட்டப்பட்ட கட்டை மாவட்ட எல்லையைத் தாண்டுவதே குற்றம். பழம் எவ்வாறு கடல் கடக்க வேண்டும் என்பதற்கும், மரம் ஏன் கடக்கக் கூடாது என்பதற்கும் பன்னாட்டு உடன்படிக்கைகளே விதி வகுத்துள்ளன.

இவ்வுடன்படிக்கைகள் இரு வகையின. வணிகத்தை எளிதாக்குவதற்கென எழுந்தவை ஒரு வகை. 1947ஆம் ஆண்டின் காட் உடன்பாடும், 1995 சனவரி முதல் நாள் செயற்படத் தொடங்கிய உலக வர்த்தக அமைப்பின் விதிகளும் இதில் அடங்கும். இயற்கையைக் காப்பதற்காக வணிகத்தையே கட்டுப்படுத்துபவை மற்றொரு வகை. 1973இல் வாஷிங்டனில் கையெழுத்தாகி 1975இல் நடைமுறைக்கு வந்த, அழியும் நிலையிலுள்ள உயிரினங்களின் வணிகம் பற்றிய உடன்படிக்கை, அதாவது சைட்டீஸ், இதற்குத் தக்க சான்று. இந்தியா 1976 முதல் இதன் உறுப்பு நாடு.

செம்மரம் உலகில் வேறெங்கும் இயற்கையாக வளர்வதில்லை. கிழக்குத் தொடர்ச்சி மலையின் தென்பகுதியே அதன் தாயகம். மிக மெதுவாக வளரும் இம்மரத்தின் வைரம் பாய்ந்த நடுக்கட்டைக்கே விலை. சீனத்தில் உயர்ந்த அறைகலன்களுக்கும், ஜப்பானில் இசைக்கருவிகளுக்கும் அது விரும்பி வாங்கப்படுகிறது. இம்மரம் 1995இல் சைட்டீஸின் இரண்டாம் அட்டவணையில் சேர்க்கப்பட்டது. அவ்வட்டவணையில் உள்ள பொருளின் வணிகம் முற்றாகத் தடை செய்யப்படுவதில்லை. ஆயினும், ஏற்றுமதியால் அவ்வினத்தின் வாழ்வுக்குக் கேடு நேராது என்று ஏற்றுமதி செய்யும் நாட்டின் அறிவியல் அமைப்பு உறுதி கூறிய பின்னரே அனுமதிச் சீட்டு வழங்கலாம். இறக்குமதி செய்யும் நாடும் அச்சீட்டைக் கேட்டுப் பெறக் கடமைப்பட்டது. ஒரு நாட்டின் வனச் சட்டம் பிறநாட்டுத் துறைமுகம் வரை நீள்வதற்கு இதுவே வழி.

காட் உடன்பாட்டின் 11ஆம் விதி ஏற்றுமதித் தடைகளைப் பொதுவாக ஏற்பதில்லை. அவ்வாறாயின் இந்தியா செம்மரக் கட்டையின் ஏற்றுமதியைத் தடுத்தது எவ்வாறு பொருந்தும்? 20ஆம் விதி இதற்கு இடமளிக்கிறது. தீர்ந்துபோகக் கூடிய இயற்கை வளத்தைக் காக்கும் நடவடிக்கைக்கு அது விலக்கு அளிக்கிறது. ஆனால் உள்நாட்டு உற்பத்தியின் மீதோ நுகர்வின் மீதோ அதே நேரத்தில் கட்டுப்பாடு இருத்தல் வேண்டும் என்றும் கூறுகிறது. வெளிநாட்டானுக்கு மறுத்துவிட்டு உள்நாட்டு வணிகனுக்கு மலிவு விலையில் மரம் கிடைக்கச் செய்வது காப்பு ஆகாது. சேஷாசலக் காடுகளில் செம்மரம் வெட்டுதல் யாவருக்கும் தடுக்கப்பட்டிருப்பதால் இந்தியாவின் நிலை இவ்விதியின்படி வலுவுள்ளதே.

சட்டம் வலுவுள்ளதாயினும் சந்தை அதற்குக் கட்டுப்படவில்லை என்பதையும் கூறியாக வேண்டும். தடை அளிப்பைக் குறைக்கிறது, தேவையைக் குறைப்பதில்லை. விலை உயர உயரக் கள்ளக்கடத்தலின் ஆதாயமும் உயர்கிறது. அந்த ஆதாயம் தரகர்களிடம் தங்கிவிட, கோடரி பிடிப்பவர்களாக ஜவ்வாது மலை, கல்வராயன் மலை போன்ற பகுதிகளின் ஏழை மக்கள் அழைத்து வரப்படுகின்றனர். 2015 ஏப்ரல் 7ஆம் நாள் சேஷாசலக் காட்டில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் தமிழகத்தைச் சேர்ந்த 20 பேர் உயிரிழந்தனர். ஓர் உடன்படிக்கையின் செலவை யார் ஏற்கின்றனர் என்னும் வினாவை எழுப்பாமல் அதன் பயனை மட்டும் கணக்கிடுவது முறையன்று.

அண்மைக் காலத்தில் கொள்கை சற்றே திசை மாறியுள்ளது. கைப்பற்றப்பட்ட கட்டைகளை ஆந்திர அரசு 2014 முதல் ஏலத்தில் விற்கத் தொடங்கியது. 2019இல் பட்டா நிலத்தில் பயிரிடப்பட்ட செம்மரத்தின் ஏற்றுமதிக்கு மத்திய அரசு வழி திறந்தது. 2004 முதல் செம்மரத்தின் பொருட்டு இந்தியா மீதிருந்த சைட்டீஸ் வணிகச் சீராய்வு 2023 நவம்பரில் விலக்கப்பட்டது. சென்னையில் உள்ள தேசியப் பல்லுயிர் ஆணையம், இம்மர விற்பனையில் பெறும் பயன்பகிர்வுத் தொகையில் ஒரு பகுதியைப் பயிரிட்ட உழவர்களுக்கு அளித்துள்ளது. தோட்டத்து மரம் காட்டு மரத்தின் மீதுள்ள அழுத்தத்தைத் தணிக்கும் என்பது எதிர்பார்ப்பு. காட்டுக் கட்டையே தோட்டத்துக் கட்டை என்ற பெயரில் வெளியேறாதபடி காக்கும் சான்றளிப்பு இருந்தால்தான் இது நிறைவேறும்.

ஒரு நாடு தன் சூழல் விதியைப் பிற நாட்டின் மீது சுமத்தும்போது நேர்வது வேறொரு வழக்கில் தெளிவாயிற்று. கடலாமைகள் தப்பிச் செல்லும் கருவியை வலையில் பொருத்தாத நாடுகளின் இறாலை அமெரிக்கா தடுத்தது. நம் கிழக்குக் கரையில் முட்டையிடும் பங்குனி ஆமையும் இத்தகைய வலைகளில் மடிவதுண்டு. இத்தடையை எதிர்த்து இந்தியா, மலேசியா, பாகிஸ்தான், தாய்லாந்து ஆகியவை 1996இல் உலக வர்த்தக அமைப்பில் முறையிட்டன. ஆமையைக் காக்கும் நோக்கம் 20ஆம் விதிக்கு உட்பட்டதே என்றும், அமெரிக்கக் கண்ட நாடுகளுடன் பேச்சு நடத்தியது போல் ஆசிய நாடுகளுடன் நடத்தாதது நியாயமற்ற பாகுபாடு என்றும் 1998இல் மேல்முறையீட்டு அமைப்பு தீர்ப்பளித்தது. நம் நாடு வழக்கில் வென்றது என்று இதைக் கூறுவோர் தீர்ப்பின் முதற்பகுதியை மறந்துவிடுகின்றனர். விதிகளைத் திருத்தி, பேச்சும் நடத்திய அமெரிக்காவின் நடவடிக்கையை எதிர்த்து மலேசியா மீண்டும் முறையிட்டபோது, 2001இல் அது ஏற்கப்படவில்லை.

இறாலில் எழுந்த அதே கேள்வி பங்காருபாளையத்து மாங்கூழிலும் உண்டு. பொருளை ஆராய்வதா, அது உண்டான முறையை ஆராய்வதா என்பதே அது. உலக வர்த்தக அமைப்பின் உணவுப் பாதுகாப்பு மற்றும் தாவர, விலங்கு நல உடன்பாடு, அறிவியல் ஆதாரத்துடன் எச்ச வரம்பு விதிக்க இறக்குமதி நாட்டுக்கு உரிமை தருகிறது. கூழில் பூச்சிமருந்து எச்சம் மிகுந்தால் சரக்கு திருப்பப்படும். ஆகவே ஆலை முதலாளி உழவரிடம் கேட்கிறார். உழவர் அறுவடைக்கு முன் தெளிப்பை நிறுத்துகிறார். ஆனால் இந்த வரம்பு வெளிநாட்டு நுகர்வோரின் உடல்நலத்துக்கானது. பூக்கும் பருவத்தில் தெளித்த மருந்து மழையில் கரைந்து ஏரிக்குச் சென்றால் அது கூழில் தெரியாது. ஆலை கழுவிய நீரும், மலைபோல் குவியும் கொட்டையும் தோலும் எங்கே செல்கின்றன என்பதும் துறைமுகத்து ஆய்வுக்கூடத்தில் தெரியாது. அவற்றைக் கவனிக்கும் கடமை மாநில மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தினுடையது. ஆலைகள் இரவும் பகலும் ஓடும் அந்தச் சில வாரங்களில்தான் அக்கடமை மிகுதியாகத் தேவைப்படுகிறது.