முட்டை வேண்டாத பிஸ்கட்

நாமக்கல் என்றாலே முட்டைதான். அந்த ஊர்க்காரரும் முட்டையைத் தொடாமல் செய்யக்கூடிய பிஸ்கட் ஒன்று உண்டு, நேயர்களே. ஸ்காட்லாந்தில் ஷார்ட்பிரெட் என்பார்கள். நம் பேக்கரிக் கண்ணாடி ஜாடியில் இருக்கும் வெண்ணெய் பிஸ்கட்டுக்கு நெருங்கிய உறவு.

கணக்கு ஒன்று, இரண்டு, மூன்று. பொடித்த சர்க்கரை 100 கிராம், வெண்ணெய் 200, மைதா 300. ஒரு சிட்டிகை உப்பு. தண்ணீர் மட்டும் கூடாது. மைதாவில் தண்ணீர் விட்டுப் பிசைந்தால் பரோட்டாவுக்கு வேண்டிய இழுவை வந்துவிடும். வெண்ணெய் மாவின் மேல் படிந்து அதைத் தடுப்பதால்தான் பிஸ்கட் வாயில் போட்டதும் பொடிகிறது.

ஊத்துக்குளி வெண்ணெய் கிடைத்தால் விடாதீர்கள். என்ன, சேலத்துச் சித்திரை வெயிலில் பிசையும்போதே உருகி வழியும்! பிசைந்த மாவை அரை மணி நேரம் ஃபிரிட்ஜில் வைத்து, அரை அங்குலத்துக்குள் தட்டி வெட்டுங்கள். ஓவனில் 160 டிகிரி, 20 முதல் 25 நிமிடம். ஓவன் இல்லையா? குக்கரில் உப்பைப் பரப்பி, ஸ்டாண்டு வைத்து, கேஸ்கட்டையும் வெயிட்டையும் கழற்றிவிட்டு மூடி, சிறு தீயில் வையுங்கள்.

ஓரம் லேசாகச் சிவந்ததும் எடுத்துவிடலாம். தொட்டால் மெத்தென்று இருக்கும். வேகவில்லையோ என்று மறுபடி உள்ளே தள்ளிவிடாதீர்கள், ஆறினால்தான் மொறுமொறுக்கும்.