ஜாடை ஒன்று, நாடு வேறு

செகந்திராபாத்தை ஒட்டிய சஃபில்குடா ஏரியின் புதர்களில் அதைப் பார்க்கலாம். கோழி அளவு, கருநீல உடல், தடித்த சிவப்பு அலகு, நீண்ட சிவந்த கால்கள். வாலை வெடுக்கென ஆட்டினால் அடியில் வெள்ளை தெரியும். நீலத் தாழைக்கோழி.

ஏரிகளில் இதன் ஜாடையில் இன்னும் இருவர் உண்டு. நாமக்கோழி கறுப்பு, அலகும் நெற்றியும் வெள்ளை. பெயர்க்காரணம் புரிகிறதா? தாழைக்கோழியோ சிறியது; சிவப்பு அலகின் நுனி மஞ்சள், கால்கள் பச்சை.

அசல் குழப்பம் வெளியூரில். ஸ்பெயின் முதல் நியூசிலாந்து வரை வாழும் நீலக்கோழிகள் எல்லாம் ஒரே இனம் என்றுதான் நெடுங்காலம் கருதினார்கள். மரபணு ஆய்வுகளுக்குப் பின் பல இனங்களாகப் பிரித்துவிட்டார்கள். சாம்பல் தலையுள்ள நம் இனத்தின் எல்லை மேற்காசியாவில் தொடங்கி இந்தியா, இலங்கை வழியாகத் தென் சீனா வரை நீள்கிறது.

அழையாத விருந்தாளியாக அமெரிக்காவிலும் இருக்கிறது. 1990களில் புளோரிடாவில் வளர்ப்பிடங்களிலிருந்து தப்பியவை பெருகின. 2006 முதல் 2008 வரை மூவாயிரத்துக்கும் அதிகமானவற்றைச் சுட்டும் ஒழிக்க முடியாமல் அதிகாரிகள் கைவிட்டார்கள்.

துப்பாக்கிக்குத் தப்பிய இந்தப் பறவையை இங்கே விரட்டுவது சுலபம். அழகுபடுத்துகிறோம் என்று ஏரியோரக் கோரையை வழித்துவிட்டுக் கல் பதித்தால் போதும். கூடு கட்ட இடமிராது. வரைபடத்தில் மட்டும் இந்தியா முழுக்க அதன் நிறம் பூசியிருக்கும்.

கரையில் நடைபாதை வரட்டும். ஓரமாகக் கொஞ்சம் கோரையும் இருக்கட்டும்.